ஓம் என்று ஆட்டிய தலை

நான் என்ன வேலை செய்கிறேன் என்று ஆக்லாந்தில், மவுண்ட் வெல்லிங்டன் பகுதியில் இருக்கும் என் அக்காவுக்கு விளங்கப்படுத்த ஒரு முழுக் கோடைகாலம் எடுத்தது.

"பேஸ்பால் விளையாடப் போறன்" என்றதை அவள் உடனே பிடித்துக்கொண்டாள். கிரிக்கெட்டுக்கு ஏதோ சொந்தக்காரன் என்று நினைத்தாள். அதற்குப் பிறகுதான் சிக்கல்.

"எத்தினை ஓவர் போடுவாய்?"

"ஓவர் இல்லையக்கா. ஒரு ஆளுக்கு எறிவன். சில நாள் ரெண்டு ஆள்."

"பிறகு?"

"பிறகு வேற ஒருத்தன் வருவான். நான் போய் இருப்பன்."

"அதுக்குச் சம்பளம் தாறாங்களோ?"

"ஓம்."

அவள் அடுப்பைக் குறைத்துவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தாள். "உனக்கெண்டே ஆரோ கண்டுபிடிச்ச வேலை" என்றாள்.

அவள் சொன்னதில் பிழை இல்லை. பேஸ்பாலில் பந்தெறிகிறவனை பிட்சர் என்பார்கள். ஆட்டத்தைத் தொடங்குகிற பிட்சர் களைத்துவிட்டால் மிச்சத்துக்கு வேறு பிட்சர்களை இறக்குவார்கள். அவர்களில் ஒருவன் இடக்கையனாக இருப்பது நல்லது. இடக்கையன் எறிகிற பந்து, இடப்பக்கமாக நின்று அடிக்கிறவனுக்கு முதுகுக்குப் பின்னாலிருந்து வருவது போலிருக்கும். அப்படி ஒரு அடிகாரன் முக்கியமான நேரத்தில் வந்து நின்றால், அவன் ஒருவனை ஆட்டமிழக்க வைத்து அனுப்புவதற்காகவே என்னைக் கூப்பிடுவார்கள். கூப்பிடும்வரை மைதான ஓரத்தில் கம்பிவலை அடித்த ஒரு அடைப்புக்குள் இருக்க வேண்டும். ஆங்கிலத்தில் அதற்குப் புல்பென், அதாவது மாட்டுப்பட்டி என்றுதான் பெயர். மூன்று மணித்தியாலம் பட்டியில் இருப்பேன், ஐந்து நிமிடம் வேலை செய்வேன். நான் பார்த்த வேலைகளிலேயே இருக்கக் கதிரை தந்த முதல் வேலை அது.

மற்ற வேலைகளையும் சொல்லிவிடுகிறேன். மன்னாரில் ஒன்பதாம் வகுப்போடு படிப்பு நின்றது. நான் பள்ளிக்கூடத்தை விட்டேன் என்பதைவிட, சண்டையில் பள்ளிக்கூடம் எங்களை விட்டுப் போனது என்பது சரி. அது திரும்பி வந்தபோது நான் மீன்பிடி வள்ளத்தில் இருந்தேன். பிறகு கொழும்பில் மேசன்மாருக்குக் கல்லும் கலவையும் எடுத்துக் கொடுத்தேன். கட்டாரில் இரண்டு வருடம் குழாய் புதைத்தேன். தென் கொரியாவில் இரும்புத் தகடு அழுத்துகிற தொழிற்சாலையில் நின்றேன். அங்கே ஒரு மெஷின் என் வலக்கைச் சின்னிவிரலின் நுனியை எடுத்துக்கொண்டது. நல்லகாலம், வலக்கை.

அந்தத் தொழிற்சாலையில் ஞாயிற்றுக்கிழமைகளில் பேஸ்பால் விளையாடுவார்கள். ஆள் குறைந்த ஒரு நாள் என்னையும் இழுத்துவிட்டார்கள். எழுதுவது, சாப்பிடுவது எல்லாம் எனக்கு வலக்கைதான். சின்ன வயதில் பிரம்பு அதைப் பார்த்துக்கொண்டது. எறிவது எந்தக் கை என்று மட்டும் ஒருவரும் கவலைப்படவில்லை, அதனால் அது இடக்கையிலேயே நின்றுவிட்டது. தகடு தூக்கித் தூக்கித் தோள் நொந்திருந்தபடியால் கையை மேலே கொண்டுபோகாமல் இடுப்பு உயரத்தில் பக்கவாட்டாக வீசினேன். எல்லாரும் சிரித்தார்கள். மூன்றாவது ஆளும் அடிக்க முடியாமல் போனபிறகு சிரிப்பு நின்றது. விசா முடியும்வரை ஞாயிற்றுக்கிழமை எனக்கு ஓய்வு கிடைக்கவில்லை.

அக்கா அதற்கு முன்பே அகதியாக ஆக்லாந்துக்கு வந்து குடியுரிமையும் எடுத்திருந்தாள். அவள் எனக்காக விண்ணப்பம் எழுதிப்போட்டதில் நானும் வந்து சேர்ந்தேன். முதல் வேலை நகரத்துக்குத் தெற்கே புக்கெகோஹியில், வெங்காயம் பொதிசெய்கிற கொட்டகையில். ஓடுகிற ரப்பர் பட்டையில் உருண்டு வருகிற வெங்காயத்தில் அழுகலைப் பொறுக்கி, கொட்டகையின் மறுகோடியில் இருந்த பெரிய தொட்டியில் போட வேண்டும். மற்றவர்கள் வாளியில் சேர்த்துக் கொண்டுபோய்க் கொட்டினார்கள். நடக்கப் பஞ்சிப்பட்டு நான் நின்ற இடத்திலிருந்தே எறிந்தேன்.

"பீச்சாங்கையால எறிஞ்சும் ஒண்ணு கூட வெளிய விழலியே" என்று பக்கத்தில் நின்ற தமிழ்நாட்டு அண்ணன் சொன்னார். அவர் சொல்லி முடிப்பதற்குள் ஒரு வெங்காயத்தை நடுவழியில் ஒரு கை பிடித்தது. சாமான் ஏற்ற வந்த லொறிக்காரன். ரானுயியில் இருக்கிற சமோவாக்காரன், கதவளவு அகலம். வெங்காயத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

"ப்ரோ, இன்னொன்று எறி" என்றான்.

எறிந்தேன். அதையும் பிடித்தான்.

"எங்கே விளையாடுகிறாய்?"

"இங்கேதான்" என்று பட்டையைக் காட்டினேன்.

அவன் கிழமைநாளில் லொறி ஓட்டி, கோடையில் நகரத்துத் தொழில்முறை அணிக்கு கேட்சராக விளையாடுகிறவன். கேட்சர் என்பவன் அடிகாரனுக்குப் பின்னால் குந்தியிருந்து பந்தைப் பிடிக்கிறவன். அடுத்தமுறை வரும்போது லொறியில் கையுறையும் கொண்டுவந்தான். மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் கொட்டகைக்குப் பின்னால் எறிந்து பார்த்தோம். குளிர்காலம் முழுக்க அப்படியே போனது. கோடை தொடங்கியபோது, துறைமுகப் பாலத்துக்கு அங்கால் இருக்கிற மைதானத்துக்கு என்னைக் கூட்டிக்கொண்டு போனான். அணிக்காரர்கள் அடித்துப் பழக நான் பந்து போட்டுக் கொடுத்தேன்.

சீசன் நடுவில், அணியில் இருந்த ஒரே இடக்கைப் பிட்சருக்கு முழங்கை போய்விட்டது. மேனேஜர் அமெரிக்கர். வயிறு பெருத்து, எந்நேரமும் எதையாவது சப்பிக்கொண்டிருப்பார். என்னைக் கூப்பிட்டுச் சுருக்கமாகச் சொன்னார்:

"மூன்று கிழமை. அதற்குப் பிறகு பெர்த்திலிருந்து ஒரு இடக்கையன் வருகிறான். எனக்கு ஒரு இடக்கையனுக்குத்தான் இடம் இருக்கிறது. அவன் வந்த ஞாயிற்றுக்கிழமை உங்கள் இரண்டு பேரில் யார் என்று முடிவு செய்வேன்."

வெங்காயக் கொட்டகை வேலையை விட்டு, சொல்லிக்கொண்டு வந்துவிட்டேன். அக்கா சத்தம் போடவில்லை. ஆஸ்பத்திரிச் சலவைப் பகுதியில் ஒரு வேலைக்குச் சொல்லிவைத்தாள். "மூண்டு கிழமை முடிய அங்க போகலாம்" என்றாள், அது ஏற்கெனவே முடிந்ததைப்போல.

எனக்கு அந்த இடம் வேண்டியிருந்தது. அதுவரை ஒவ்வொரு வேலையையும் நான்தான் வாசலில் நின்று கேட்டு வாங்கினேன், விட்டுப் போகிற நாளையும் நானே பார்த்துக்கொண்டேன். எந்த ஊரிலிருந்தும் போவதற்கு எனக்கு மனவருத்தம் வந்ததில்லை. இது என்னைத் தேடி வந்து கேட்ட வேலை. அதிலும் இந்தக் கையைக் கேட்டு வந்த வேலை. முதல் தடவையாகப் போக மனமில்லாமல் இருந்தது.

முதல் ஆட்டத்தில், ஒன்பது இன்னிங்ஸில் எட்டாவதில், மேனேஜர் நடுவில் போய் நின்று தன் இடப்புஜத்தைத் தட்டினார். இடக்கையனை அனுப்பு என்பதற்கான சாடை அது. பட்டியிலிருந்து ஓடிப் போனேன்.

கேட்சர் கால்களுக்கு நடுவே விரல் காட்டுவான். ஒரு விரல் வேகப்பந்து, இரண்டு விரல் வளைகிற பந்து, மூன்று விரல் மெதுவான பந்து. பிட்சருக்குச் சம்மதம் என்றால் தலையசைத்துவிட்டு எறிய வேண்டும். இல்லையென்றால் தலையை ஆட்டி மறுக்கலாம், அவன் வேறு விரல் காட்டுவான்.

அவன் ஒரு விரல் காட்டினான். நான் ஓம் என்று தலையாட்டினேன்.

அவன் இரண்டு விரல் காட்டினான். மனம் மாறிவிட்டான்போல என்று நினைத்து அதற்கும் ஓம் என்றேன். மூன்று காட்டினான். ஓம். திரும்ப ஒன்று காட்டினான். ஓம். நடுவர் கையை உயர்த்தி ஆட்டத்தை நிறுத்தினார். கேட்சர் முகமூடியைத் தூக்கிக்கொண்டு என்னிடம் நடந்து வந்தான்.

"ப்ரோ, உன்னிடம் நாலாவது பந்து ஏதும் இருக்கிறதா?"

"இல்லை."

"இருக்கிற மூன்றையும் வேண்டாம் என்றால் என்னத்தை எறியப் போகிறாய்?"

"நான் எதையும் வேண்டாம் என்று சொல்லவில்லையே. எல்லாவற்றுக்கும் ஓம் என்றுதானே சொன்னேன்."

அவன் என் தலையைக் கையால் காட்டினான். "அதுவா ஓம்?"

அப்போதுதான் விளங்கியது. நாங்கள் ஓம் என்று தலையாட்டும்போது அது பக்கவாட்டாகப் போகிறது. அவர்களுக்குப் பக்கவாட்டாகப் போனால் இல்லை. பழகும்போதெல்லாம் வாயால் கதைத்துக்கொண்டதால் இது வெளியில் வரவே இல்லை. கொரியாவில் என் சம்மதத்தை ஒருவரும் கேட்கவில்லை. எறி என்றதை எறிந்தேன்.

அவன் திரும்பிப் போய்க் குந்தினான். ஒரு விரல். நான் கழுத்தை இறுக்கி, தலையை மேலும் கீழும் வெட்டி வெட்டி அசைத்தேன். அதிலேயே நினைப்பு நின்றதால் கை தன்பாட்டில் எறிந்துவிட்டது. பந்து அடிகாரனின் இடுப்பில் பட்டது. ஓட்டம் எடுக்கச் சுற்றிவர வேண்டிய நாலு இடங்களைப் பேஸ் என்பார்கள்; அடிக்காமலே அவன் இடுப்பைத் தடவிக்கொண்டு முதலாம் பேஸுக்குப் போனான். மேனேஜர் வந்து, நீ போகலாம் என்பதற்கு, பந்துக்காகக் கையை நீட்டினார்.

அடுத்த கிழமை முழுக்க, மேலும் கீழும் தலையசைக்கப் பழகினேன். அக்காவின் குசினியில் வைத்து.

"உப்புப் போதுமோ?"

மேலும் கீழும்.

"இன்னும் கொஞ்சம் புளி விடட்டோ?"

மேலும் கீழும்.

"என்னடா இது, ஓணான் மாதிரி? வாயால சொல்லன்."

"பழகிறன் அக்கா."

"முப்பது வயசில ஓம் சொல்லப் பழகிறாய்" என்றாள். சொல்லும்போது அவளுடைய தலையும் பக்கவாட்டாகத்தான் ஆடியது.

பழகியும் பிரயோசனமில்லை. குசினியில் சரியாக வந்தது. மைதானத்தில் ஒன்று பழைய ஆட்டம் வந்தது, அல்லது ஓணான் வந்து எறி கெட்டது. இரண்டாவது ஆட்டத்தில் வந்தவனை நடக்கவிட்டேன், அதாவது அடிக்கமுடியாத இடத்தில் நாலு பந்து எறிந்து அவனைச் சும்மா பேஸுக்கு அனுப்பினேன். மேனேஜர் என்னிடம் ஒன்றும் சொல்லவில்லை. ஒன்றும் சொல்லாத மேனேஜரை எனக்கு நாலு நாட்டிலும் தெரியும்.

மறுநாள் பயிற்சி முடிந்து கேட்சர் என்னை வீட்டில் கொண்டுவந்து விட்டான். வாசலோடு திரும்ப அக்கா விடவில்லை. கணவாய்க் கறியும் மீன்குழம்பும் சோறும் போட்டாள். அவன் நன்றாகச் சாப்பிட்டான். இரண்டாம் தட்டு முடியும் நேரம் அக்கா அகப்பையோடு வந்தாள்.

"இன்னும் கொஞ்சம்?" என்று ஆங்கிலத்தில் கேட்டாள்.

அவனுக்கு வாய் நிறையச் சோறு. மரியாதையாகச் சிரித்துக்கொண்டு, தலையைச் சாய்த்து மெல்ல ஆட்டினான். அக்கா ஒரு அகப்பை போட்டாள். அவன் திடுக்கிட்டு, அதையும் முடித்தான். அக்கா திரும்ப வந்தாள். அவன் திரும்ப ஆட்டினான். இன்னொரு அகப்பை.

"அக்கா, அவன் போதுமெண்டு சொல்றான்."

"எங்க சொன்னவர்? ஓமெண்டல்லோ தலையாட்டினவர்."

"அவை அப்பிடி ஆட்டினா இல்லையெண்டு அர்த்தம்."

"எனக்கு ஓம் தெரியாதோ? பேசாம இரு."

என்ன தகராறு என்று அவன் கேட்டான். சொன்னேன். கரண்டியை வைத்துவிட்டு அக்காவை உற்றுப் பார்த்தான். பிறகு விசாரணை தொடங்கினான்.

"ஆன்ட்டி, இந்தக் கறி நீங்கள் வைத்ததா?"

அக்கா தலையாட்டினாள்.

"உங்கள் தம்பி ஏதாவது உதவி செய்தானா?"

அக்கா தலையாட்டினாள்.

"பொறு, பொறு" என்றான். "முதலாவது ஓம். இரண்டாவது இல்லை. சரியா?"

"ஓம்" என்று தலையாட்டினாள்.

அவன் எழுந்து வந்து அவளுக்கு நேரே நின்றான். இன்னும் ஏழெட்டுக் கேள்வி கேட்டான். இன்று சனிக்கிழமையா, உங்கள் தம்பி வாடகை தருகிறானா, உங்கள் தம்பி அழகனா. அக்காவுக்கும் பிடித்துப்போய், கறித் தாச்சியை அடுப்பிலிருந்து இறக்கி வைத்துவிட்டுப் பதில் சொன்னாள். கடைசியில் அவன் மேசையில் தட்டினான்.

"கண்டுபிடித்துவிட்டேன். இல்லை என்றால் மூக்கு போகிறது. ஓம் என்றால் காது போகிறது."

கண்ணாடியில் பார்த்தேன். உண்மை. இல்லை என்னும்போது மூக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திரும்புகிறது. ஓம் என்னும்போது மூக்கு இருந்த இடத்தில் இருக்க, காதுகள் தோளுக்குத் தோள் சாய்கின்றன. முப்பது வருடம் ஆட்டிய தலையைப் பற்றி எனக்கு இது தெரியாது.

"நீ மாற்றாதே" என்றான். "உன் பாட்டுக்கு ஆட்டு. நான் காதைப் பார்க்கிறேன். அடிக்கிறவனுக்கு இது தெரியாது, ப்ரோ. தெரியாமலே இருக்கட்டும்."

அதன்பிறகு எறி சரிவந்தது. மூன்றாவது கிழமை இரண்டு ஆட்களை ஆட்டமிழக்க வைத்து அனுப்பினேன், ஒருவனையும் நடக்கவிடவில்லை. மேனேஜருக்குக் கேட்சர் விளக்கம் சொல்லியிருக்க வேண்டும். ஒரு நாள் அவர் தன் அறைக் கண்ணாடிக்கு முன்னால் நின்று தலையை ஆட்டிப் பார்த்துக்கொண்டிருந்ததைக் கண்டேன். கழுத்துச் சுளுக்கியவரைப் போலிருந்தது.

வெள்ளிக்கிழமை பெர்த்துக்காரன் வந்தான். ஆறரை அடி, நல்ல பையன், என்னைவிட வேகமாக எறிவான். ஞாயிறு மத்தியானம் இரண்டு பேரும் பட்டியில் அருகருகே இருந்தோம். அவன் எனக்குச் சூரியகாந்தி விதை தந்தான். நான் அவனுக்கு அக்கா கட்டித்தந்த முறுக்கைக் கொடுத்தேன். எங்களில் ஒருவருக்குத்தான் கதிரை என்று இரண்டு பேருக்கும் தெரியும்.

அக்கா முதன்முதலாக மைதானத்துக்கு வந்து, பட்டிக்குக் கிட்டவாக இருந்தாள். அடுத்த நாள் காலை ஆஸ்பத்திரிச் சலவை வேலைக்கு என்னை நேரில் வரச் சொல்லியிருக்கிறார்கள் என்று வரும் வழியில் சொல்லியிருந்தாள்.

எட்டாவது இன்னிங்ஸ். நாங்கள் ஒரு ஓட்டத்தால் முன்னுக்கு. அவர்களுக்கு இரண்டு பேர் பேஸில், இரண்டு பேர் ஆட்டமிழந்தாயிற்று; மூன்றாமவனும் போனால் அவர்களுடைய இன்னிங்ஸ் முடியும். அடிக்க வந்தவன் அவர்களுடைய பெரிய இடக்கை அடிகாரன். இரண்டு பேரையும் கையைச் சூடாக்கச் சொல்லி உத்தரவு வந்திருந்தது. எறிந்துகொண்டே பார்த்தோம். மேனேஜர் மெதுவாக நடுவுக்கு நடந்து போனார். நின்றார். இடப்புஜத்தைத் தட்டினார்.

இரண்டு பேரும் அடைப்பின் கதவுக்குப் போனோம்.

கதவில் நின்ற பயிற்சியாளர் எங்களைப் பார்த்தார், மேனேஜரைப் பார்த்தார், எந்த இடக்கையன் என்று இரண்டு கைகளையும் விரித்தார். மேனேஜர் சப்புவதை நிறுத்தினார். பிறகு அந்தப் பெரிய தலையை, இரண்டு காதும் தோளுக்குத் தோள் போக, நன்றாக ஆட்டினார்.

"அது நீதான்" என்று, மத்தியானம் முழுக்க என் தலையாட்டலைப் பார்த்திருந்த பெர்த்துக்காரன் சொல்லி, கதவைத் திறந்துவிட்டான்.

நான் போய் நின்றேன். கேட்சர் இரண்டு விரல் காட்டினான். காதை ஆட்டினேன். நான் மறுத்துவிட்டேன், இன்னொரு சாடை வரும் என்று நினைத்து அடிகாரன் மட்டையைக் கொஞ்சம் தளர்த்தினான். உடனே எறிந்தேன். பந்து வளைந்து உள்ளே போகும்போதுதான் அவன் விழித்தான். ஸ்ட்ரைக்.

அடுத்து ஒரு விரல். காது. எறி. அவன் பிந்தி வீசினான், பந்து மட்டையில் உரசிப் பின்னால் போனது. இரண்டாவது ஸ்ட்ரைக். மூன்றானால் ஆள் வெளியே.

அவன் அடிகாரன் நிற்கிற கோட்டுக் கட்டத்திலிருந்து விலகி நின்று என்னைப் பார்த்தான். கெட்டிக்காரன். தலை ஆடினால் பந்து வருகிறது என்று பிடித்துவிட்டான். திரும்பி வந்து மட்டையை இறுக்கிக்கொண்டு காத்து நின்றான். கேட்சர் ஒரு விரல் காட்டினான். இந்தமுறை நான் மூக்கை ஆட்டினேன். உண்மையான இல்லை. அடிகாரனின் உடம்பு முழுக்க முன்னுக்கு வந்தது, பந்து வரவில்லை. கேட்சர் நிதானமாக மூன்று விரல் காட்டினான். காதை ஆட்டிவிட்டு மெதுவான பந்தை விட்டேன். அது வந்து சேர்வதற்கு முன்பே அவன் வீசி முடித்திருந்தான்.

அவ்வளவுதான். மூன்று பந்து. ஒன்பதாவது இன்னிங்ஸை வலக்கைக்காரன் ஒருவன் முடித்து வைத்தான், நாங்கள் வென்றோம்.

ஆட்டம் முடிந்து வேலிக்கு அருகில் வந்தபோது அக்கா கைப்பையை மாட்டிக்கொண்டு நின்றாள்.

"முடிஞ்சுதோ?"

"ஓம்."

"மூண்டு பந்துக்கோ என்னைப் பாலம் கடந்து கூட்டிக்கொண்டு வந்தனீ?"

அதற்குள் மேனேஜர் வந்துவிட்டார், பின்னால் கேட்சரும். பெர்த்துக்காரனுக்கு அடிலெய்டில் இடக்கையன் தேவைப்படுகிற ஒரு அணியோடு கதைத்துவிட்டதாகச் சொன்னார். பிறகு என்னிடம் கேட்டார்: "நீ ஓரிடத்தில் நிற்காதவன் என்று கேள்விப்பட்டேன். சீசன் முடியும்வரை நிற்பாயா?"

நான் தலையாட்டினேன்.

மேனேஜர் புருவத்தைச் சுருக்கினார். ஆட்டத் தெரிந்ததே தவிர அவருக்கு இன்னும் வாசிக்கத் தெரியாது. திரும்பிக் கேட்சரைப் பார்த்தார். "இது என்ன? ஓமா, இல்லையா?"

கேட்சர் பதில் சொல்ல வாயைத் திறந்தான். அவனுக்கு முன்னால் அக்கா முந்திக்கொண்டாள். மேனேஜரைப் பார்த்து, காது இரண்டும் போக, தலையை நன்றாக ஆட்டினாள். அவர் இன்னும் குழம்பிப்போய் நிற்க, கைப்பையிலிருந்து போனை எடுத்து ஆஸ்பத்திரியில் சொல்லிவைத்த பெண்ணுக்கு அடித்தாள்.

"தம்பி நாளைக்கு வரமாட்டான்" என்றாள். "அவனுக்கு வேலை இருக்கு."